பொத்திப் பொத்தி வளர்த்த இளவரசர்



ரஷ்யாவின் கடைசி ஜார் மன்னர், அவருடைய ஒரே மகன் அலெக்ஸி, ரத்தம் உறையாத நோயோடு பிறந்த அந்தப் பிள்ளையைக் குணப்படுத்துவதாகச் சொல்லி அரண்மனைக்குள் நுழைந்த ராஸ்புடின். இந்தக் கதை உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். ஆனால் அலெக்ஸிக்கு 51 வருடம் முன்பே, அதே வம்சத்தில், அதே நோயோடு இன்னொரு பிள்ளை பிறந்தது. அலெக்ஸியின் அம்மாவழிப் பாட்டி ஆலிஸ். அந்த ஆலிஸுக்குத் தம்பி இவர். பெயர் லியோபோல்டு. விக்டோரியா மகாராணியின் கடைசி மகன். இந்தக் காலாண்டு இதழில் இவருடைய வாழ்க்கையைத்தான் உங்களோடு பகிர்ந்துகொள்ளப் போகிறேன். நான் டாக்டர் இல்லை, வங்கியில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவன். அதனால் எனக்குப் புரிந்த விதத்தில் சொல்கிறேன்.

லியோபோல்டு பிறந்தது 1853 ஏப்ரல் 7, லண்டன் பக்கிங்ஹாம் அரண்மனையில். மகாராணிக்கு இது எட்டாவது பிரசவம். வலி தெரியாமல் இருக்க குளோரோபார்ம் கொடுத்தார்கள். அந்தக் காலத்தில் இது பெரிய சர்ச்சை. பிரசவ வலியைக் குறைப்பது கடவுள் சித்தத்துக்கு விரோதம் என்று நினைத்தவர்கள் இருந்தார்கள். மகாராணியே எடுத்துக்கொண்டார் என்றதும் அந்தப் பேச்சின் வேகம் குறைந்தது. மருந்தைக் கொடுத்தவர் டாக்டர் ஜான் ஸ்நோ. அடுத்த வருடம் லண்டனில் காலரா பரவியபோது, அதற்குக் காரணம் பிராட் தெருவின் குடிநீர்ப் பம்பு என்று கண்டுபிடித்தவரும் இவர்தான். தண்ணீர்த் தொட்டியைச் சுத்தம் செய்வது பற்றி நம் சங்கம் சுற்றறிக்கை அனுப்பும்போது இந்தப் பெயரையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

குழந்தை நடை பழகத் தொடங்கியதும் வீட்டில் கவலை தொடங்கியது. எல்லாக் குழந்தைகளும் விழுந்து எழுந்துதான் நடக்கக் கற்கின்றன. இந்தக் குழந்தை விழுந்தால் உடம்பில் பெரிய பெரிய நீலத் தழும்புகள் வந்தன. மூட்டு வீங்கியது. வலியில் நாள் கணக்காகக் கட்டிலை விட்டு இறங்க முடியாமல் போனது. லியோபோல்டுக்கு ஐந்தாறு வயது ஆவதற்குள், இது ஹீமோபிலியா என்று அரண்மனை வைத்தியர்களுக்குப் புரிந்துவிட்டது. நோயைக் கண்டுகொள்ளும் அளவுக்கு அன்றைய மருத்துவம் வளர்ந்திருந்தது. அமெரிக்க மருத்துவர் ஜான் ஓட்டோ 1803-லேயே, சில குடும்பங்களில் ஆண் பிள்ளைகளுக்கு மட்டும் ரத்தம் நிற்பதில்லை, அது அவர்களுக்கு அம்மா வழியாக வருகிறது என்று எழுதியிருந்தார். மருந்துதான் எதுவும் இல்லை. படுக்க வைப்பது, ஐஸ் வைப்பது, காத்திருப்பது, அவ்வளவுதான்.

இந்த இடத்தில் ஒரு தவறான எண்ணத்தைச் சரிசெய்துகொள்வோம். ஹீமோபிலியா உள்ளவருக்குச் சின்னக் கீறல் பட்டாலே ரத்தம் குபுகுபுவென்று கொட்டிவிடும் என்று பலர் நினைக்கிறோம். அப்படி இல்லை. ரத்தம் மற்றவர்களுக்கு வருகிற வேகத்தில்தான் வரும். ஆனால் நிற்க வேண்டிய நேரத்தில் நிற்காது. ரத்தம் உறைவதற்கு உடம்பில் சில புரதங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வேலை செய்ய வேண்டும். இவற்றை ஃபேக்டர் என்று சொல்லி எண் கொடுத்திருக்கிறார்கள். 8-ஆம் ஃபேக்டர் குறைந்தால் ஹீமோபிலியா ஏ, 9-ஆம் ஃபேக்டர் குறைந்தால் ஹீமோபிலியா பி. வெளியே தெரியும் காயத்தைவிட உள்ளே கசியும் ரத்தம்தான் இதில் அதிகத் தொல்லை. முழங்கால், கணுக்கால், முழங்கை மூட்டுகளுக்குள் திரும்பத் திரும்ப ரத்தம் கசிந்தால், சில வருடங்களில் மூட்டு தேய்ந்து விறைத்துப் போகும். தலைக்குள் கசிந்தால் உயிருக்கே ஆபத்து. லியோபோல்டு இந்த இரண்டையும் பார்த்தார்.

எட்டு வயதில் அவர் உடம்பு தேறுவதற்காக, குளிர்காலத்தைக் கழிக்கத் தென் பிரான்சின் கான் நகருக்கு அனுப்பினார்கள். துணைக்குப் போனவர் சர் எட்வர்டு பவேட்டர் என்ற வயதான தளபதி. 1861 டிசம்பர் 14 அன்று அந்தத் தளபதி கான் நகரில் இறந்துபோனார். அதே நாள் இரவு இங்கிலாந்தில் அப்பா ஆல்பர்ட்டும் காலமானார். அம்மாவோ அண்ணன்மாரோ அக்காமாரோ யாரும் அருகில் இல்லாத வெளியூரில், எட்டு வயதுப் பிள்ளைக்கு இரண்டு இழப்பும் ஒன்றாக வந்து சேர்ந்தன.

கணவர் போன பிறகு மகாராணியின் பயம் இரட்டிப்பானது. இந்தப் பிள்ளை ஓடக் கூடாது, ஏறக் கூடாது, மற்றப் பையன்களோடு விளையாடக் கூடாது. எங்கே போனாலும் கூடவே ஆள். தாய் மனதை நம்மால் புரிந்துகொள்ள முடிகிறது. ஆனால் கூட இருந்த ஆட்கள் எல்லோரும் நல்லவர்களாக அமையவில்லை. மகாராணியின் பிரியத்துக்குரிய பணியாள் ஜான் பிரவுனின் தம்பி ஆர்ச்சி பிரவுன்தான் லியோபோல்டைக் கவனித்துக்கொள்ளும் ஆள். இவர் பையனைக் கேலி செய்வார். விளையாட்டு என்று சொல்லிக்கொண்டு கரண்டியால் முகத்தில் அடிப்பார். ரத்தம் நிற்காத பிள்ளையைக் கரண்டியால் அடிப்பது எப்படிப்பட்ட விளையாட்டு என்று யோசித்துப் பாருங்கள். 1866-ல் லியோபோல்டுக்குப் பொறுப்பாளராக வந்த வால்டர் ஸ்டர்லிங் என்ற இளம் ராணுவ அதிகாரி, பையனிடம் அன்பாக இருந்தார். பிரவுன் சகோதரர்களோடு அவருக்கு ஒத்துப்போகவில்லை. நான்கே மாதத்தில் வேலையை விட்டு அனுப்பப்பட்டவர் ஸ்டர்லிங்தான். பிரவுன்கள் இருந்தார்கள். கீழே விழாமல் காக்க இத்தனை ஏற்பாடு செய்த தாய், பிள்ளை தினமும் யார் கையில் இருக்கிறான் என்பதைச் சரியாகக் கவனிக்கவில்லை.

அரண்மனையே பொத்திப் பொத்திக் காத்தும் ரத்தக் கசிவு நிற்கவில்லை. 1868-ல் வந்த கடுமையான கசிவு பற்றி பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலிலேயே செய்தி வந்தது.  கட்டிலில் கிடந்த மாதங்களில் அவருக்குத் துணையாக இருந்தவை புத்தகங்களும் இசையும் சதுரங்கமும்.

பத்தொன்பது வயதில் அவர் ஒரு கோரிக்கை வைத்தார். ஆக்ஸ்போர்டில் படிக்க வேண்டும். அம்மா மறுத்தார். உடம்பு தாங்காது, வீட்டிலேயே இருந்தால் போதும் என்றார். லியோபோல்டு விடவில்லை. கடைசியில் நிபந்தனைகளோடு அனுமதி வந்தது. 1872 நவம்பரில் கிறைஸ்ட் சர்ச் கல்லூரியில் சேர்ந்தார். விடுதியில் தங்கக் கூடாது, தனி வீடு. அடிக்கடி கட்டாய விடுமுறையில் வீட்டுக்கு வர வேண்டும். நடுவில் டைபாய்டு வேறு வந்து உயிருக்கே ஆபத்தாகிப் பிழைத்தார். ஆனாலும் அந்த நாலு வருடம் அவர் வாழ்க்கையின் நல்ல காலம். கலை விமர்சகர் ஜான் ரஸ்கின், ரிக் வேதத்தைப் பதிப்பித்த மாக்ஸ் முல்லர் போன்றவர்கள் அவருக்கு நண்பர்களானார்கள். 1876-ல் ஆக்ஸ்போர்டு அவருக்குக் கௌரவ டாக்டர் பட்டம் தந்தது.

படித்துவிட்டுச் சும்மா இருக்க அவருக்குப் பிடிக்கவில்லை. அண்ணன்மார் மாதிரி ராணுவத்துக்கோ கடற்படைக்கோ போக முடியாது. அம்மாவுக்கே செயலாளர் போல வேலை பார்த்தார். அரசாங்கக் காகிதங்களைப் படித்து, சுருக்கி, கடிதம் எழுதினார். அமைச்சரவையின் ரகசியப் பெட்டிகளைத் திறக்கும் சாவி அவரிடம் தரப்பட்டது. பட்டத்து இளவரசரான மூத்த அண்ணன் எட்வர்டுக்கே அப்போது தராத சாவி அது. வங்கியில் வேலை பார்த்தவர்களுக்குச் சாவி யார் கையில் இருக்கிறது என்பதன் அர்த்தம் நன்றாகத் தெரியும். நோயாளி என்று ஒதுக்கி வைக்கப்பட்ட பிள்ளையிடம்தான் குடும்பத்தில் அதிக நம்பிக்கை வைக்கப்பட்டது.

ஆனாலும் பூட்டு இன்னொரு பக்கம் இருந்தது. எங்கே தங்குவது, யாரைச் சந்திப்பது எல்லாம் அம்மா உத்தரவுப்படிதான். 1878-ல், 25 வயதில், ஒருநாள் அவர் மறுத்துவிட்டார். ஸ்காட்லாந்தின் பால்மோரல் மாளிகைக்கு வரமாட்டேன் என்று சொல்லிவிட்டுப் பாரிஸ் போய்விட்டார். மகாராணிக்குக் கடும் கோபம். ஆனால் திரும்பி வந்த மகனைப் பழையபடி நடத்த அவராலும் முடியவில்லை. பிறகு லியோபோல்டு ஊர் ஊராகப் போய்க் கூட்டங்களில் பேசினார். கல்வியும் இசையும் சாதாரண மக்களுக்கும் கிடைக்க வேண்டும் என்பது அவர் பேச்சு. 1880-ல் கனடாவும் அமெரிக்காவும் போய் வந்தார். 1881-ல் நாட்டிங்ஹாம் பல்கலைக்கழகக் கல்லூரியைத் திறந்து வைத்தார். அதே வருடம் ஆல்பனி கோமகன் என்ற பட்டம் கிடைத்தது. சதுரங்கம் ஆடும் நம் குடியிருப்புப் பிள்ளைகளுக்கு ஒரு தகவல்: ஸ்டைனிட்ஸை முந்தி ஜூகர்டார்ட் வென்ற 1883 லண்டன் போட்டி இவருடைய ஆதரவில்தான் நடந்தது.

அவருடைய பெரிய ஆசை கனடாவின் கவர்னர் ஜெனரலாக வேண்டும் என்பது. அக்கா லூயிஸின் கணவர் அந்தப் பதவியில் இருந்தார். அவர் காலம் முடிந்ததும் தன்னை அனுப்பும்படி கேட்டார். மகாராணி ஒப்புக்கொள்ளவில்லை. ஆஸ்திரேலியாவில் விக்டோரியா காலனிக்குக் கவர்னராகப் போகவும் ஆசைப்பட்டார். அதற்கும் இல்லை என்றே பதில் வந்தது.

கல்யாணம் மட்டும் நடந்தது. 1882 ஏப்ரல் 27 அன்று ஜெர்மன் இளவரசி ஹெலனாவை விண்ட்சரில் மணந்தார். நோயைத் தெரிந்துகொண்டே சம்மதித்த பெண் அவர். 1883 பிப்ரவரியில் ஒரு மகள் பிறந்தாள். அக்காவின் நினைவாக ஆலிஸ் என்று பெயர் வைத்தார். அக்கா ஆலிஸின் இரண்டு வயது மகன் ஃபிரிட்ஸ் 1873-ல் ஜன்னலிலிருந்து விழுந்து, ரத்தக் கசிவு நிற்காமல் இறந்திருந்தான். அந்த மருமானுக்கும் தனக்கும் ஒரே நோய் என்பது லியோபோல்டுக்குத் தெரியும்.

1884 குளிர்காலத்தில் மூட்டுவலி அதிகமானது. வைத்தியர்கள் மறுபடியும் கான் நகருக்குப் போகச் சொன்னார்கள். ஹெலனா இரண்டாவது முறை கர்ப்பமாக இருந்ததால் உடன் போகவில்லை. மார்ச் 27 அன்று அங்கே ஒரு படகுக் குழாமின் கட்டடத்தில் அவர் வழுக்கி விழுந்தார். முழங்காலில் அடி. மறுநாள் விடியும் முன்பே உயிர் போய்விட்டது. மூளைக்குள் ரத்தம் கசிந்திருக்க வேண்டும் என்கிறார்கள். 31-ஆவது பிறந்தநாளுக்குப் பத்து நாள் இருந்தது. அப்பா இறந்த செய்தி எட்டு வயதில் வந்து சேர்ந்த அதே ஊர். மகன் சார்லஸ் எட்வர்டு அந்த ஜூலையில், அப்பா முகம் பாராமல் பிறந்தான்.

பார்த்தீர்களா, அம்மா பயந்தது சரியாகத்தானே போயிற்று என்று நீங்கள் கேட்கலாம். நானும் அப்படித்தான் முதலில் நினைத்தேன். பிறகு கணக்குப் போட்டுப் பார்த்தேன். அரண்மனைக்குள் பொத்தி வைத்திருந்த வருடங்களிலும் ரத்தக் கசிவு வந்துகொண்டேதான் இருந்தது. அவர் விழுந்ததும் குதிரையில் ஏறியோ மலையில் ஏறியோ அல்ல, கட்டடத்துக்குள். அவருக்கு இல்லாமல் போனது மருந்து. அந்த இடத்தில் சுவர் எழுப்பினார்கள். பட்டம், பதவி, நண்பர்கள், மனைவி, மகள் என்று அவர் வரவில் இருந்ததெல்லாம் அந்தச் சுவரைத் தாண்டியபோது கிடைத்தவை.

இனி இந்த நோய் எப்படிக் கைமாறுகிறது என்று பார்ப்போம். பெண்ணுக்கு எக்ஸ் குரோமோசோம் இரண்டு, ஆணுக்கு ஒன்று. இதை வங்கிக் கணக்கு மாதிரி நினைத்துக்கொள்ளுங்கள். பெண்ணுக்கு இரண்டு கணக்குகள். ஒன்றில் பணம் இல்லாவிட்டாலும் மற்றதிலிருந்து காசோலை பாஸாகிவிடும். ஆணுக்கு ஒரே கணக்கு. அதில் இருப்பு இல்லை என்றால் காசோலை திரும்பிவிடும். அதனால் பழுதான மரபணு உள்ள தாய் பெரும்பாலும் நன்றாகவே இருப்பார். ஆனால் அவருக்குப் பிறக்கும் ஒவ்வொரு மகனுக்கும் நோய் வரப் பாதிக்குப் பாதி வாய்ப்பு. ஒவ்வொரு மகளும் அந்த மரபணுவைச் சுமக்கவும் பாதிக்குப் பாதி வாய்ப்பு. நோயுள்ள தந்தையின் மகனுக்கு அவரிடமிருந்து இது வராது, ஏனென்றால் மகனுக்கு அவர் தருவது ஒய் குரோமோசோம். மகள்கள் எல்லோருக்கும் வரும்.

லியோபோல்டு வீட்டில் அப்படியே நடந்தது. மகன் சார்லஸ் எட்வர்டுக்கு நோய் இல்லை. மகள் ஆலிஸ் மரபணுவைச் சுமந்தார். ஆலிஸின் மகன் ரூபர்ட்டுக்கு நோய் வந்தது. 1928-ல் பிரான்சில் கார் விபத்தில் அடிபட்டு, இரண்டு வாரம் கழித்து 20 வயதில் இறந்தான். அக்கா ஆலிஸ் வழியாக நோய் ரஷ்ய அரண்மனைக்கும், தங்கை பீட்ரிஸ் வழியாக ஸ்பெயின் அரண்மனைக்கும் போனது. 2009-ல் ரஷ்ய அரச குடும்பத்தின் எலும்புகளைச் சோதித்தபோதுதான் இது ஹீமோபிலியா பி என்பது உறுதியானது.

நம் ஊரில் இதைப் பேசும்போது இரண்டு விஷயம் உடனே வரும். ஒன்று, சொந்தத்தில் கல்யாணம் செய்ததால் வந்தது என்பது. விக்டோரியா மணந்தது தாய்மாமன் மகனைத்தான். ஆனால் லியோபோல்டின் நோய்க்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை. மகனுக்கு எக்ஸ் குரோமோசோம் அம்மாவிடமிருந்து மட்டும்தான் வருகிறது. அசலில் மணந்திருந்தாலும் இதேதான் நடந்திருக்கும். இரண்டாவது, மருமகள் கொண்டுவந்த நோய் என்ற பழி. விக்டோரியாவின் முன்னோர் யாருக்கும் இந்த நோய் இருந்ததாகத் தெரியவில்லை. எங்கள் குடும்பத்தில் இது கிடையாது என்று அவரே எழுதினார். மரபணுவில் புதிதாக ஏற்பட்ட மாற்றமாக அது இருந்திருக்க வேண்டும். இன்றும் சுமார் மூன்றில் ஒரு பங்கு நோயாளிகளின் குடும்பத்தில் முன்பு யாருக்கும் இருந்ததில்லை. யாரும் விரும்பிக் கொண்டுவரும் சீதனம் அல்ல இது. பழி சொல்லப்படும் வீட்டில்தான் நோயை மறைப்பார்கள். மறைத்தால் மருத்துவம் தாமதமாகும்.

இன்று மருந்து இருக்கிறது. குறைகிற ஃபேக்டரை ஊசி மூலம் செலுத்தலாம். தமிழ்நாட்டில் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் இது இலவசமாகவே தரப்படுகிறது. 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தில் ஹீமோபிலியாவும் இடம் பெற்றிருக்கிறது. வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் ஹீமோபிலியா ஏ உள்ள ஐந்து பேருக்கு மரபணு சிகிச்சை செய்து, அதன் பிறகு அவர்களுக்கு ரத்தக் கசிவு வரவில்லை என்ற ஆய்வு 2024 டிசம்பரில் வெளியானது.

என்னோடு ஒரு கிளையில் வேலை பார்த்த ஒருவருடைய மகனுக்கு இந்த நோய். பதவி உயர்வு வந்தால் வெளியூர் மாற்றலும் வரும் என்பதால், ஃபேக்டர் கிடைக்கும் மருத்துவமனை உள்ள ஊரை விடாமல் கடைசிவரை கிளார்க்காகவே இருந்தார். ஆனால் பையனை நீச்சலுக்கு அனுப்பினார். தசைக்கு வலு வந்தால் மூட்டு தாங்கும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். இன்று அந்தப் பையன் வேலையில் இருக்கிறான், நன்றாக நடக்கிறான்.

நம் குடியிருப்பிலும் அப்படி ஒரு பிள்ளை இருக்கலாம், நாளை வரலாம். அதனால் சில விஷயங்களை எல்லோரும் தெரிந்து வைத்திருப்பது நல்லது. காரணமில்லாமல் பெரிய நீலத் தழும்பு, பல் பிடுங்கிய பின் நிற்காத ரத்தம், மூட்டு சூடாகி வீங்குவது, இவை இருந்தால் ரத்தநோய் மருத்துவரைப் பாருங்கள். பெண்களுக்கு மாதவிடாயில் அளவுக்கு மீறிய ரத்தப்போக்கு இருந்தால் சும்மா விடாதீர்கள். மரபணுவைச் சுமப்பவர்களுக்கும் ஃபேக்டர் குறைவாக இருக்கலாம். இருபாலருக்கும் வரும் வான் வில்லிபிராண்ட் என்ற உறைதல் குறைபாடும் காரணமாக இருக்கலாம். ஹீமோபிலியா உள்ளவருக்கு ஆஸ்பிரின், புரூஃபன் வகை வலி மாத்திரை தரக் கூடாது. தசையில் போடும் ஊசியும் டாக்டரைக் கேட்காமல் போடக் கூடாது. தலையில் அடிபட்டால் ரத்தம் வெளியே தெரியாவிட்டாலும் உடனே மருத்துவமனைக்குக் கொண்டு போக வேண்டும். லியோபோல்டு விழுந்ததிலிருந்து இறக்கும்வரை ஒரு நாள்கூட ஆகவில்லை என்பதை நினைவில் வையுங்கள்.

கடைசியாக ஒரு செய்தி. லியோபோல்டுக்குக் கிடைக்காத கனடா கவர்னர் ஜெனரல் பதவியில் 1940 முதல் 1946 வரை இருந்தவர் அத்லோன் பிரபு. அவர் வேறு யாருமில்லை, லியோபோல்டின் மருமகன், ஆலிஸின் கணவர். அப்பா கேட்டுக் கிடைக்காத வீட்டில் மகள் ஆறு வருடம் குடியிருந்தார். 97 வயதுவரை வாழ்ந்து 1981-ல்தான் காலமானார்.

ஏப்ரல் 17 உலக ஹீமோபிலியா தினம். அன்று மாலை நம் விளையாட்டுத் திடலுக்கு வரும் பிள்ளைகளைக் கொஞ்சம் கவனியுங்கள். யாராவது ஒரு பிள்ளை ஓரமாக நின்று வேடிக்கை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தால், பெற்றோரிடம் மெதுவாகக் கேட்டுவிட்டு, அவனுக்கு ஏற்ற ஓர் ஆட்டத்தில் சேர்த்துக்கொள்ளுங்கள். சதுரங்கப் பலகை கிளப் ஹவுஸ் அலமாரியில் இருக்கிறது.